முதல் மரத்தில் கட்டிய பழம்

அந்த மரத்தில் இனிப்புப் பழம் காய்த்து வெகுகாலமாகிவிட்டது. தோட்டத்தில் வேலை செய்யும் எல்லோருக்கும் இது தெரியும். முதலாளிக்கும் தெரியும். தெரியாத மாதிரி இருக்கத் தெரிந்ததால்தான் அவர் முதலாளி.

பழக் கிடங்குக்கும் தொழிலாளர் வீடுகளுக்கும் நடுவே, இடுப்பளவு இரும்பு வேலிக்குள் மரம் நின்றது. வேலியில் ஒரு பித்தளைப் பலகை. 'இந்த நாட்டின் முதல் ஆரஞ்சு மரம். எங்கள் கொள்ளுப்பாட்டனார் கடல் கடந்து கொண்டுவந்து தம் கையால் நட்டது.' கப்பலில் குடிக்கக் கொடுத்த தண்ணீரில் பாதியைத் தான் குடித்து, மீதியைக் கன்றுக்கு ஊற்றினாராம் அவர். போன முதலாளி கதை சொன்னபோது பாதித் தண்ணீர்தான். இப்போதைய முதலாளி சொல்லும்போது முழுத் தண்ணீரும் கன்றுக்கே போய்விடுகிறது. இவர் மகன் தலையெடுத்தால் கொள்ளுப்பாட்டனார் கப்பலில் இருந்த அத்தனை பேருக்கும் தண்ணீர் ஊற்றியிருப்பார். கன்று இருந்த பெட்டியைத் தூக்கி வந்தவன், குழி வெட்டியவன், எரு சுமந்தவன் பற்றிப் பலகையில் ஒரு வார்த்தை கிடையாது. பித்தளை விற்கிற விலையில் எல்லாவற்றையும் எழுத முடியுமா?

ஆரஞ்சு மரம் என்பது உண்மையில் இரண்டு மரம். கீழே இருப்பது காட்டுப் புளிப்பு ஆரஞ்சு. நோய் தாங்கும், பஞ்சம் தாங்கும், யார் உதைத்தாலும் தாங்கும். அதன் தலையை வெட்டிவிட்டு, அந்த இடத்தில் இனிப்பு மரத்தின் மொட்டு ஒன்றை வைத்து ஒட்டுக் கட்டுவார்கள். கீழே இருப்பது உழைக்கும், மேலே இருப்பது காய்க்கும், பெயர் மேலே இருப்பதற்குப் போகும். ஆனால் கீழே இருப்பது கையைக் கட்டிக்கொண்டு நிற்காது. ஒட்டுக்குக் கீழிருந்து அவ்வப்போது ஒரு முரட்டுத் துளிரை நீட்டிப் பார்க்கும். கண்டதும் கத்தியால் சீவிவிட வேண்டும். தோட்ட வேலைக்கு வருகிறவர்களுக்கு முதலில் சொல்லித் தருவதே இதைத்தான்.

முதல் மரத்துக்கு மட்டும் இந்தப் பாடம் செல்லாது. போன முதலாளி வேலி போட்ட கையோடு ஓர் உத்தரவும் போட்டார்.

"எங்க பாட்டன் தொட்ட மரம். இது மேல எவன் கத்தியும் படக்கூடாது."

படவில்லை. எல்லோரும் மரியாதையாகக் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு பார்த்திருக்க, கீழிருந்து வந்த துளிர் கிளையானது, கிளை மரமானது. மேலே இருந்த இனிப்பு மரம் வேரிலிருந்து ஒன்றும் வராமல் காய்ந்து, ஒரு பெருங்காற்றில் முறிந்து விழுந்தது. போன முதலாளி வந்து பார்த்தார். பழசு போய்ப் புதுசு தழைத்திருக்கிறது, எல்லாம் பாட்டனார் ஆசி என்று கண் கலங்கினார். அடுத்த பருவத்தில் அதன் பழத்தைக் கடித்தபோது மறுபடியும் கண் கலங்கினார். இந்த முறை ஆசியால் அல்ல. துப்பிவிட்டு, வாயைத் துடைத்துக்கொண்டு, பக்கத்தில் நின்ற மேஸ்திரியிடம் இரண்டே வார்த்தை சொன்னார்.

"ஏதாவது பண்ணு."

மேஸ்திரி பண்ணியதுதான் முடிச்சுக்காரி.

அவளுக்குக் கிடங்கில் வலைப்பைகளுக்கு வாய் கட்டும் வேலை. பை நிறைந்து வந்து விழ, விழ, கண் வேறெங்கோ இருக்கக் கை கட்டிக்கொண்டே போகும். பெரிய மனிதர்கள் வருகிற நாட்களில் விடிவதற்குள் எழுந்து அவள் வேலிக்குள் போவாள். கைக்கு எட்டுகிற உயரத்தில் உள்ள புளிப்புப் பழங்களையெல்லாம் பறித்துவிட்டு, அதே காம்புகளில் தோட்டத்து இனிப்புப் பழத்தை இரண்டு இலையோடு கட்டிவைப்பாள். பச்சைச் சாயத்தில் முக்கிய நூல். லேசாக ஒரு சுண்டு சுண்டினால் அவிழ்ந்து, பழம் கையோடு வந்துவிடும். விருந்தாளிக்குத் தானே மரத்திலிருந்து பறித்த திருப்தி. நூல் அவள் விரலில் சுருண்டு மறையும். பறிக்கும்போது கிளையைப் பிடித்துக்கொண்டு பக்கத்தில் நிற்பவளும் அவள்தானே. உச்சியில் உள்ள புளிப்புப் பழங்களைத் தொடமாட்டாள். மரம் மொட்டையாகத் தெரியக் கூடாது, அவ்வளவு உயரத்துக்கு எந்தப் பெரிய மனிதரும் கை நீட்டப் போவதில்லை.

இந்த வேலைக்குக் கூலி கிடையாது. வீடுதான் கூலி. வரிசையில் கடைசி வீடு, வேலியை ஒட்டியது. மற்ற வீடுகளைப் போல அதுவும் ஓர் அறைதான். ஆனால் மூலையில் ஒரு குழாய் உண்டு. மற்றவர்கள் எல்லோரும் முற்றத்துத் தொட்டியில் வரிசை நின்று குடத்தில் சுமக்க வேண்டும்.

குழாய் அவளுக்காக அல்ல, புருஷனுக்காக. அவன் பேர் சும்மாடு. மூட்டை சுமந்த காலத்தில் தூங்கும்போதும் தலையிலிருந்து சும்மாட்டை இறக்கமாட்டான் என்று வைத்த பேர். ஒருநாள் லாரிப் பலகை சரிந்து ஆறு பெட்டி அவன் முதுகில் விழுந்தது. இப்போது மூட்டையும் இல்லை, முதுகும் இல்லை, பேர் மட்டும் மிச்சம். கட்டிலிலிருந்து நழுவி இறங்கி, சுவரைப் பிடித்துக் குழாயடி வரைக்கும் போய்விடுவான். பலகையில் உட்கார்ந்து தானே குளித்துக்கொள்வான், தானே கழுவிக்கொள்வான். அவள் கிடங்குக்குப் போனால் பொழுது சாயத்தான் வருவாள். அந்தக் குழாய் இல்லாவிட்டால் அதுவரைக்கும் அவன் எந்தக் கோலத்தில் கிடப்பான் என்பதை அவள் நினைத்துப் பார்த்ததில்லை. நினைக்கக் கூடாதென்றே நினைக்கவில்லை.

அந்த வீட்டின் மேல் மேஸ்திரிக்கு ஒரு கண். அவருடைய மச்சினனுக்குப் புதிதாகக் கல்யாணமாகியிருந்தது. தொட்டியில் தண்ணீர் பிடிக்கமாட்டேன் என்று புதுப்பெண் முகத்தைத் திருப்பிக்கொண்டாளாம்.

"ஒரு தடவை முடிச்சு சொதப்பட்டும், அப்புறம் பாரு" என்று மேஸ்திரி சிரித்துக்கொண்டே சொல்வார்.

"என் முடிச்சு சொதப்பாது. உங்க மச்சினன் போட்ட முடிச்சுதான் ஆடுதுன்னு கேள்வி" என்பாள் அவளும் சிரித்துக்கொண்டே.

இப்படி இருக்கும்போதுதான் புத்தகக்காரர் வந்தார்.

ஆரஞ்சு எங்கே பிறந்தது, எப்படி உலகம் சுற்றியது என்று தலையணை கனத்துக்கு ஒரு புத்தகம் எழுதியவர். அதில் ஒரு முழு அத்தியாயம் இந்த மரத்தைப் பற்றி. அதன் சுளையில் தேனின் கனமும் விடியற்காலைக் குளிரும் இருப்பதாக எழுதியிருந்தார். மரத்தை அதுவரை கண்ணால் பார்த்ததில்லை. முதலாளி அனுப்பிய புகைப்படத்தைப் பார்த்தே ருசி தெரிந்துவிட்டது. படித்தவர் நாக்கு அப்படி.

முதல் மர விழா என்று கம்பெனி கொண்டாடும் நாளில், பழம் வாங்கும் பெரிய வியாபாரிகளுக்கு முன்னால் அவரே பறித்து, அவரே தின்று, நாலு வார்த்தை பேச வேண்டும். விழாவுக்காகக் கிடங்கு அரைநாள் மூடப்பட்டது. தொழிலாளர்கள் கயிற்றுக்கு அந்தப் பக்கம் நிறுத்தப்பட்டார்கள். கைதட்ட ஆள் வேண்டுமே.

முடிச்சுக்காரி விடியுமுன்பே கட்டி முடித்திருந்தாள். நல்ல பழங்கள், கண்ணுக்கு நேராக. துவைத்த வேட்டியைப் போலச் சுத்தமான வேலை.

புத்தகக்காரர் பேச ஆரம்பித்தார். உயரமான மனிதர், அதைவிட உயரமான குரல்.

"கிழக்கே, மழை ஓயாத மலையடிவாரத்தில்தான் இந்தப் பழக் குடும்பம் தோன்றியது. ஆதியில் பம்பளிமாஸ் இருந்தது, கமலா இருந்தது, நார்த்தை இருந்தது. ஆரஞ்சு இல்லை! பம்பளிமாசும் கமலாவும் கலந்து பிறந்த பிள்ளைதான் நம் ஆரஞ்சு."

கயிற்றுக்கு அந்தப் பக்கம், பழங்களுக்குப் பேர்ச்சீட்டு ஒட்டுகிற வேலைக்காரி ஒருத்தி நின்றாள். எல்லோருக்கும் அவள் ஸ்டிக்கர் அக்கா. முடிச்சுக்காரியின் காதில் கிசுகிசுத்தாள்.

"ஏண்டி, பூசணிக்காய் சைஸ் பம்பளிமாசுக்கும் இந்தக் கமலாக் குட்டிக்கும் யாருடி சம்பந்தம் பேசினது?"

"தேனீதான் தரகர்."

"ஜாதகம்?"

"தேனீக்கு ஜாதகம் பார்க்கவா நேரம்? அது பாட்டுக்கு முடிச்சு வச்சிட்டுப் போயிருக்கும்."

"அப்போ நம்ம முதலாளி தூக்கி வச்சு ஆடுற ராஜ வம்சமெல்லாம்?"

"வாயை மூடு, மேஸ்திரி பாக்குறாரு."

புத்தகக்காரர் நிறுத்தவில்லை. முதலில் நார்த்தை மேற்கே நடந்தது. பிறகு வணிகர்களின் ஒட்டகத்தில் புளிப்பு ஆரஞ்சு போனது. பல நூறு ஆண்டு கழித்துத்தான் இனிப்பு ஆரஞ்சு கப்பலேறியது. ஈறு அழுகிச் செத்துக்கொண்டிருந்த மாலுமிகளை எலுமிச்சைச் சாறு காப்பாற்றியது. கேட்கக் கேட்க முதலாளி தலையாட்டிக்கொண்டே இருந்தார், எல்லாவற்றையும் தம் கொள்ளுப்பாட்டனாரே முன்னின்று நடத்தியதைப் போல.

ஒருவழியாகப் பேச்சு முடிந்தது. முடிச்சுக்காரி வேலிக்குள் போய்த் தயாராக நின்றாள். புத்தகக்காரர் கட்டியிருந்த பழங்களைப் பார்த்தார், புன்னகைத்தார், கையை நீட்டவில்லை.

"கீழே காய்ப்பது நிழல் பழம். மரத்தின் உயிர் உச்சியில்தான் இருக்கிறது, வெயில் முத்தமிடுகிற இடத்தில். எனக்கு அந்தப் பழம் வேண்டும்."

முதலாளியின் முகத்திலிருந்து ரத்தம் இறங்கியது.

"ஐயா, இதுங்கதான் பதமா பழுத்தது. மேல இருக்கிறது இன்னும் காயிங்க" என்றாள் அவள்.

"பரவாயில்லம்மா" என்று சொல்லிவிட்டு அவர் அண்ணாந்தார்.

அப்போதும் ஒன்றும் கெட்டுப்போகவில்லை. ஏணி இல்லாமல் அந்த உயரத்துக்கு எட்டாது. ஏணி இல்லை என்றால் அவரும் சமாதானமாகிக் கீழ்ப்பழத்தையே பறித்திருப்பார். ஆனால் பெரிய மனிதர் ஒன்று கேட்டுவிட்டார் என்றால் மேஸ்திரியின் கால் அவர் மூளையைக் கேட்டுக்கொண்டா ஓடும்? கிடங்குச் சுவரில் சாய்த்திருந்த ஏணியை ஒரே மூச்சில் தூக்கி வந்து மரத்தில் சாத்தி, இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, முதலாளியைப் பார்த்துப் பல்லெல்லாம் தெரியச் சிரித்தார். முதலாளி பதிலுக்குச் சிரிக்கவில்லை என்பதைக் கண்டபோதுதான் தாம் எதைப் பிடித்துக்கொண்டு நிற்கிறோம் என்பது அவருக்கு உறைத்தது. அதற்குள் புத்தகக்காரர் மூன்றாவது படியில் இருந்தார்.

பறித்தார். இறங்கினார். உரித்தார். எல்லாக் காமிராவும் அவர் வாயைப் பார்த்தன. நாலு சுளையைச் சேர்த்து உள்ளே தள்ளினார்.

முதலில் இடது கண் மூடியது. பிறகு வலது கண். காது இரண்டும் பின்னால் போயின. முகம் அஷ்டகோணலாகி, தோள்கள் மேலே ஏறி, ஒரு முழங்கால் தானாக மடங்கியது. அந்த மாதிரிப் புளிப்புப் பழத்தைக் கொண்டு கிடங்கு இயந்திரச் சங்கிலியின் எண்ணெய்ப் பிசுக்கைக் கழுவுகிற எல்லோருக்கும் அவர் வாய்க்குள் என்ன நடக்கிறதென்று தெரியும். ஸ்டிக்கர் அக்கா தன் கையுறையைக் கழற்றி வாயில் அடைத்துக்கொண்டாள்.

துப்பியிருந்தால் கதை அங்கே முடிந்திருக்கும். ஆனால் துப்பினால் தலையணைப் புத்தகத்தில் ஓர் அத்தியாயத்தையும் சேர்த்துத் துப்ப வேண்டும். அவர் விழுங்கினார். கண்ணிலிருந்து தாரையாகத் தண்ணீர் கொட்டியது. அதைத் துடைக்காமல், கம்மிய குரலில் சொன்னார்.

"இதுதான்."

காமிராக்கள் இன்னும் நெருங்கின.

"இதுதான் ஆதிச் சுவை! மனிதன் சர்க்கரைக்கு அடிமையாவதற்கு முன்னால், ஒட்டகமும் கப்பலும் ஏறுவதற்கு முன்னால், அந்த மலையடிவாரத்தில் இருந்த சுவை. இனிப்பு என்பது பிற்காலத்துக் கெடுதல். நம் நாக்கு மறந்துபோனதை இந்த ஒரு மரம் மறக்கவில்லை. தேன் என்று நான் எழுதியது, தேனுக்கும் முந்திய தேனை!"

பிறகு வியாபாரிகளில் ஒருவர் கை தட்டினார். எல்லோரும் தட்டினார்கள். ஆளுக்கொரு சுளை கேட்டார்கள். மேஸ்திரி மறுபடியும் ஏணியில் ஏறினார். முதலாளி தின்றார். முதலாளியம்மா தின்றார். உடம்பைச் சிலிர்த்துக்கொண்டு, தாடையைப் பிடித்துக்கொண்டு, கண்ணீர் விட்டபடி ஒருவரையொருவர் பார்த்து, ஆகா என்றார்கள். எழவு வீட்டில்கூட இவ்வளவு ஒழுங்காக அழுது பார்த்ததில்லை. முதல் ஆளாக அழாமல் தின்றுவிடலாமென்று பார்த்த ஒரு வியாபாரிக்கு விக்கல் பிடித்துக்கொண்டது. அவரை மட்டும் மற்றவர்கள் சற்று மட்டமாகப் பார்த்தார்கள்.

கண்ணுக்கு நேராகக் கட்டியிருந்த இனிப்புப் பழங்களை யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. கூட்டம் கலைந்ததும் முடிச்சுக்காரி அவற்றை அவிழ்த்து எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போனாள்.

சும்மாடு ஜன்னல் வழியாக எல்லாவற்றையும் பார்த்திருந்தான். சிரித்துச் சிரித்து அவன் முதுகு பிடித்துக்கொண்டது.

"அடியே, நம்ம சங்கிலி கழுவுற சரக்கைத் தின்னுட்டுப் புலம்புறான் பாரு! இன்னொரு தடவை ஏணி போடச் சொல்லேன், சரியா பாக்கல."

"சிரிங்க. நல்லா சிரிங்க" என்று அவள் ஒரு பழத்தை உரித்து அவனிடம் கொடுத்தாள். "புளிப்புதான் உசத்தின்னு ஆயிடுச்சு. இனிமே இனிப்பைக் கட்ட ஆள் எதுக்கு?"

அவன் சிரிப்பு நின்றது. பழத்தை வாங்காமல் குழாயைத் திரும்பிப் பார்த்தான்.

மறுநாள் காலையிலேயே மேஸ்திரி வந்துவிட்டார். கை வீசி, நடை மாறி வந்தார். ஏணி தூக்கியதற்காக முதலாளி முதுகைத் தட்டிக் கொடுத்திருந்தாராம். தப்பு பலித்துவிட்டால் அதற்குப் பெயர் புத்திசாலித்தனம்.

"இனிமே மரத்துல எதையும் கட்ட வேணாம். முதலாளி சொல்லிட்டாரு. இயற்கை என்ன தருதோ அதான்."

"சரி."

"அதனால வீடும் வேணும். மாசம் முடியறதுக்குள்ள காலி பண்ணிடு. நடுவரிசையில ஒண்ணு காலியாகுது, அங்க போய்க்க."

"கிடங்குல பை கட்டிட்டுத்தானே இருக்கேன்? வேலையை விட்டா நின்னுட்டேன்?"

"பை கட்டுறவங்களுக்கெல்லாம் குழாய் வச்ச வீடா? அந்த வீடு மரத்து வேலைக்குக் குடுத்தது. மரத்துல வேலை இல்ல, வீடும் இல்ல."

"மேஸ்திரி, இவர் நிலைமை உங்களுக்கே தெரியும். உங்க கண்ணு முன்னாடிதான் பலகை சரிஞ்சுது. அங்க போனா நான் வர்ற வரைக்கும் இவருக்கு யார் தண்ணி மொண்டு ஊத்துவா?"

மேஸ்திரி சும்மாட்டைப் பார்க்காமல் கூரையைப் பார்த்தார். "எல்லாருக்கும் கஷ்டம் இருக்கு. என் மச்சினன் வீட்டுல நிம்மதியே இல்ல."

"உங்க மச்சினன் பொண்டாட்டிக்குக் கை கால் நல்லாத்தானே இருக்கு?" என்றான் சும்மாடு கட்டிலிலிருந்து.

"அதெல்லாம் பேசாத."

சாயங்காலம் அவள் திரும்பியபோது வாசலில் ஓர் இரும்புப் பெட்டி இருந்தது. பூட்டுப் போட்டது. மச்சினனின் சாமான். இடம் பிடிக்க முன்கூட்டியே கொண்டுவந்து வைத்துவிட்டுப் போயிருந்தான். உள்ளே போக வேண்டுமானால் அதைத் தாண்டித்தான் போக வேண்டும். அவள் தினமும் தாண்டினாள். அதன் மேல் ஈரத் துணியைக் காயப் போட்டாள். சும்மாடு குளிக்கும்போது குழாயை இரண்டு மடங்கு நேரம் திறந்துவிட்டான்.

"எதுக்குங்க இப்படி வீணாக்குறீங்க?"

"போறதுக்குள்ள குளிச்சு வச்சுக்கறேன்."

அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

இதற்குள் வெளி உலகத்துக்கு ஆதிச் சுவைப் பைத்தியம் பிடித்துவிட்டது. உச்சியில் மிச்சமிருந்த பழங்களை ஒவ்வொன்றாகப் பஞ்சில் பொதிந்து, மரப்பெட்டியில் வைத்துப் பெரிய வியாபாரிகளுக்கு அனுப்பினார் முதலாளி. பட்டணத்து உணவு விடுதிகளில் அதன் ஒரு சுளையை வெள்ளைத் தட்டில் தனியாக வைத்துக் கொடுத்தார்களாம். அதைத் தின்றுவிட்டு அழாதவர்களுக்கு ரசனை இல்லை என்று ஒருவர் பத்திரிகையில் எழுதினார். எல்லாம் சேர்ந்து, மரம் மொட்டையாகிவிட்டது. ஒரு பிஞ்சுகூட இல்லை. அந்த நேரம் பார்த்துப் புத்தகக்காரர் சொல்லி அனுப்பினார், கடல் கடந்து ஒரு பெரிய கூட்டம் வருகிறது, ஆதிச் சுவையைத் தங்கள் கையாலேயே பறித்துச் சுவைக்க வேண்டுமாம்.

முதலாளி மொட்டை மரத்தை அண்ணாந்து பார்த்தார். பிறகு மேஸ்திரியைப் பார்த்தார். அப்பன் சொன்னதையே பிள்ளையும் சொன்னார்.

"ஏதாவது பண்ணு."

மேஸ்திரி கிடங்குக்கு வந்து முடிச்சுக்காரி பக்கத்தில் நின்றார். பை வந்து விழுந்துகொண்டிருந்தது. அவள் கட்டிக்கொண்டிருந்தாள்.

"என்னம்மா, நல்லா இருக்கியா?"

"வாசல்ல உங்க பெட்டி இருக்கு. அதைக் கேளுங்க, அது நல்லா இருக்கு."

"ஒரு சின்ன வேலை. மரத்துல கொஞ்சம் பழம் கட்டணும்."

"இயற்கை என்ன தருதோ அதான்னீங்க?"

"இயற்கை தர்ற மாதிரியே கட்டணும்."

ஸ்டிக்கர் அக்கா ஒட்டுவதை நிறுத்திவிட்டுக் காதைத் தீட்டினாள். முடிச்சுக்காரி அடுத்த பையை இழுத்தாள்.

"இனிப்பா, புளிப்பா?"

"புளிப்புதான். ஆனா எங்க போறது? தோட்டம் முழுக்க துளிர் விடவே விடாமச் சீவி வச்சிருக்கோம். அந்த மரத்தைத் தவிர வேற எங்கயும்..." மேஸ்திரி பாதியில் நிறுத்தினார்.

மூன்று பேருக்கும் ஒரே நேரத்தில் ஒரே இடம் ஞாபகம் வந்தது.

தொழிலாளர் கழிப்பறைக்குப் பின்னால் ஒரு பள்ளம் உண்டு. நாற்றுப் பண்ணையில் ஒட்டுக்கு உதவாமல் வளைந்துபோன புளிப்பு நாற்றுகளை அங்கேதான் கொட்டுவார்கள். கழிப்பறைத் தண்ணீர் வடிவதும் அங்கேதான். கொட்டிய நாற்றுகளில் சில வேர் பிடித்து, யாரும் ஏனென்று கேட்காமல் வளர்ந்து, கரும்பச்சையாகக் கொழித்துக் காய்த்துத் தொங்கின. தோட்டத்திலேயே அவ்வளவு செழிப்பான மரம் கிடையாது. கிடங்கில் சங்கிலி கழுவ, தரை தேய்க்க, அந்தக் கழிப்பறையையே கழுவ, பழம் அங்கிருந்துதான் வரும்.

"ச்சே ச்சே" என்றார் மேஸ்திரி கடைசியில். "இதைப் போய் நான் முதலாளிகிட்ட எப்படிச் சொல்றது?"

"நீங்க சொல்லவும் வேணாம். அவர் கேக்கவும் மாட்டார். இத்தனை வருஷமா என்ன கேட்டிருக்காரு?"

"அப்போ கட்டுறியா?"

"அந்த வேலைக்குத்தானே வீடு?"

மேஸ்திரி தலையைச் சொறிந்தார். "மச்சினனுக்கு வாக்கு குடுத்திட்டேனே..."

"அப்போ மச்சினனையே கட்டச் சொல்லுங்க. என்ன, அவர் முடிச்சை விருந்தாளி இழுத்தா, பழத்தோட சேர்ந்து கிளையும் வரும்."

ஸ்டிக்கர் அக்கா கிளுக்கென்று சிரித்துவிட்டாள். மேஸ்திரி அவளை முறைத்தார். அவள் ஒரு சீட்டை எடுத்து மேசையில் பலமாக ஒட்டினாள்.

"சரி சரி. வீடு உனக்கே. பெட்டியை எடுக்கச் சொல்றேன்."

"சொல்ல வேணாம். நீங்களே தூக்கிட்டுப் போங்க. இவர் ஜன்னல்ல பார்க்கணும்."

"ஏய்..."

"பழமும் நீங்களே பறிச்சுட்டு வாங்க. என்னால பள்ளத்துல இறங்க முடியாது. ஏணிதான் உங்ககிட்ட இருக்கே."

அன்றே மேஸ்திரி மூக்கில் துணியைக் கட்டிக்கொண்டு பள்ளத்தில் இறங்கினார். புளிப்பு மரத்துக்கு முள் அதிகம். முழங்கை வரை கீறலோடு ஒரு கூடை பழம் கொண்டுவந்தார். அதற்கு முன்னால், எல்லோரும் வேலை முடிந்து வீடு திரும்பும் நேரத்தில், அந்த இரும்புப் பெட்டியைத் தலையில் வைத்து வரிசை நெடுகச் சுமந்துகொண்டு போனார். சும்மாடு ஜன்னலிலிருந்து கூப்பிட்டான்.

"மேஸ்திரி! சும்மாடு வேணுமா? பழசு ஒண்ணு கிடக்கு."

கூட்டம் வந்த காலையில் மரத்தைப் பார்க்கக் கண் கொள்ளவில்லை. ஒவ்வொரு கிளையிலும் இயற்கை தந்ததைப் போலவே பழங்கள் தொங்கின. உச்சியிலும் கட்டியிருந்தாள், ஒருமுறை ஏமாந்தது போதும். புத்தகக்காரர் முன்னால் நடந்து வந்தார். புத்தகம் மறுபதிப்பு ஆகியிருந்தது, அவருக்கு இன்னும் கொஞ்சம் உயரம் கூடியிருந்தது. சுண்டினார், பழம் கையோடு வந்தது. முடிச்சுக்காரியின் விரலில் நூல் சுருண்டு மறைந்தது.

அவர் தின்றார். இந்த முறை பழகியிருந்தது. ஒரு கண்தான் மூடியது. வந்தவர்கள் எல்லோரும் தின்று, நடுங்கி, அழுதார்கள். ஓர் அம்மாள், முதலாளியின் கையைப் பிடித்துக்கொண்டு விடவே இல்லை.

புத்தகக்காரர் அடுத்த சுளையை நாக்கில் வைத்து நெடுநேரம் யோசித்தார்.

"போன முறையைவிட ஆழம் கூடியிருக்கிறது. புளிப்புக்கு அடியில் ஒன்று வருகிறது, கவனியுங்கள்... ஆம், மண். இந்த இடத்துக்கே உரிய மண்ணின் வாசனை. இதை வேறெங்கும் உண்டாக்க முடியாது."

முதலாளி தலையாட்டினார். மேஸ்திரி தமது முழங்கைக் கீறல்களைப் பார்த்துக்கொண்டு நின்றார். முடிச்சுக்காரி சிந்திக் கிடந்த தோலைக் கூடையில் பொறுக்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தாள். பச்சைச் சாயமும் பிசுக்கும் ஒட்டிய கையில் ஒரு தோலை வைத்து அழுத்தித் தேய்த்து, குழாயைத் திறந்து கழுவினாள். பிசுக்கு போயே போய்விட்டது.

சும்மாடு கட்டிலிலிருந்து நழுவி இறங்கி, சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றான்.

"என்னடி சொல்றாரு உங்க புத்தகக்காரர்?"

"மண்ணு வாசனை வருதாம்."

"வரும் வரும். எத்தனை பேர் போட்ட எரு!" அவன் பலகையைக் காலால் குழாயடிக்குத் தள்ளினான். "சரி, நகரு. நான் குளிக்கணும்."